உலக செஸ் சாம்பியன் பட்டம்: யாரிடமிருந்து யாருக்கு, எப்படி?

செஸ் பக்கம் புதிதாக வருகிறவர்கள் பெரும்பாலும் ஒரு இடத்தில் குழம்புவார்கள். 2024 டிசம்பரில் குகேஷ் உலக சாம்பியன் ஆனார். ஆனால் அன்றைக்கும் உலகத் தரவரிசையில் முதலிடம் மாக்னஸ் கார்ல்சனுக்குத்தான். அப்படியானால் உண்மையில் பெரிய ஆட்டக்காரர் யார்? கேள்வி நியாயமானதுதான். ஆனால் தரவரிசையும் பட்டமும் ஒரே விஷயத்தை அளப்பவை அல்ல.

தரவரிசை வெறும் கணக்கு. ஆர்பாட் எலோ என்ற இயற்பியல் பேராசிரியர் வகுத்த முறை அது. சர்வதேச செஸ் கூட்டமைப்பான ஃபிடே 1970இல் அதை ஏற்றுக்கொண்டது. ஜெயித்தால் புள்ளி ஏறும், தோற்றால் இறங்கும். உங்களைவிடப் பலமானவரை ஜெயித்தால் நிறைய ஏறும், பலவீனமானவரிடம் தோற்றால் நிறைய போகும். இருவருக்கும் இடையே 200 புள்ளி வித்தியாசம் என்றால், மேலே இருப்பவர் 100 ஆட்டங்களில் சுமார் 76 புள்ளி எடுக்க வேண்டும் என்பது கணக்கு. கார்ல்சன் 2014 மே மாதம் தொட்ட 2882தான் ஃபிடே பட்டியலில் ஏறிய உச்சம்.

சாம்பியன் பட்டம் வேறு. மல்யுத்தக் களத்தைப்போல, பட்டம் வைத்திருப்பவரை நேருக்கு நேர் வீழ்த்தினால்தான் அது கைமாறும். எதிரே ஒரே ஆள். அவரோடு வாரக்கணக்கில், சில காலங்களில் மாதக்கணக்கில் ஆட வேண்டும். ஜெயித்த ஆட்டத்துக்கு 1 புள்ளி, டிரா ஆனால் ஆளுக்கு அரை. சாம்பியனுக்கு எதிரே உட்காரும் உரிமை யாருக்கு, மொத்தம் எத்தனை ஆட்டம், கடைசியில் சமமாக நின்றால் பட்டம் யாருக்கு என்பதெல்லாம் காலத்துக்குக் காலம் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. பெரிய ஆட்டக்காரர்களின் கதைகளைப் படிக்கும்போது இந்த விதிகளையும் கூடவே பார்த்தால்தான் யார் ஏன் ஜெயித்தார், யார் ஏன் வெளியே நின்றார் என்பது பிடிபடும்.

பட்டம் சொந்தச் சொத்தாக இருந்த காலம்

முதலில் பட்டம் என்றே ஒன்று கிடையாது. 1851இல் லண்டனில் நடந்த முதல் சர்வதேசப் போட்டியை ஜெர்மனியின் அடோல்ஃப் ஆண்டர்சன் வென்றார். 1858இல் நியூ ஆர்லியன்ஸிலிருந்து 21 வயது பால் மார்ஃபி ஐரோப்பா வந்து, பாரிஸில் ஆண்டர்சனை 7 வெற்றி, 2 தோல்வி, 2 டிரா என்று தோற்கடித்தார். அவர்தான் உலகின் சிறந்த ஆட்டக்காரர் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. அதோடு ஊர் திரும்பியவர் செஸ்ஸை ஏறக்குறைய விட்டேவிட்டார். வக்கீல் தொழிலில் நிற்கப் பார்த்தார், அது கைகொடுக்கவில்லை. 1884இல், 47 வயதில் இறந்துபோனார்.

அதற்கு இரண்டு வருடம் கழித்துத்தான் முதல் அதிகாரபூர்வ உலக சாம்பியன் போட்டி நடந்தது. பிராகில் பிறந்த வில்ஹெல்ம் ஸ்டைனிட்ஸும் யோஹான்னஸ் ஸுகர்டார்ட்டும் அமெரிக்காவில் மூன்று நகரங்களில் ஆடினார்கள். யார் முதலில் 10 ஆட்டம் ஜெயிக்கிறாரோ அவருக்குப் பட்டம். முதல் ஐந்து ஆட்டத்தில் நான்கை இழந்த ஸ்டைனிட்ஸ், மீண்டு வந்து 10-5 என்று வென்றார்.

ஸ்டைனிட்ஸின் பெரிய சாதனை என்று நான் சொல்வது அந்தப் பட்டத்தை அல்ல. அதுவரை செஸ் என்றால் தாக்குதல்தான், காயைக் கொடுத்து ராஜாவை விரட்டுவதுதான் அழகு என்று இருந்தது. உன் நிலை மேலோங்கியிருந்தால் ஒழியத் தாக்காதே, அதுவரை சின்னச் சின்ன அனுகூலங்களைச் சேர்த்துக்கொண்டே போ என்றார் அவர். இன்று எந்தப் பயிற்சி வகுப்பிலும் சொல்லித்தரும் இந்தப் பாடம் அன்றைக்குப் பலருக்குக் கோழைத்தனமாகப் பட்டது. 1894இல் 25 வயது இமானுவல் லாஸ்கரிடம் பட்டத்தை இழந்தார். 1900இல் நியூயார்க்கில் இறந்தபோது கையில் காசில்லை.

ஸ்டைனிட்ஸின் முடிவைப் பார்த்த தலைமுறையைச் சேர்ந்தவர் லாஸ்கர். பேரம் பேசாமல் அவர் காயைத் தொட மாட்டார். கணிதத்தில் முனைவர் பட்டம் பெற்றவர். இயற்கணிதத்தில் இவர் பெயரைத் தாங்கிய தேற்றம் இன்றும் பாடத்தில் இருக்கிறது. 1894 முதல் 1921 வரை, 27 ஆண்டுகள் பட்டம் அவரிடமே இருந்தது. வேறு யாரும் இவ்வளவு காலம் வைத்திருந்ததில்லை. அதில் பாதி திறமை என்றால், மீதியில் அன்றைய ஏற்பாட்டுக்குப் பெரிய பங்கு உண்டு. யாரோடு ஆடுவது, எப்போது ஆடுவது, எவ்வளவு பணம் என்பதையெல்லாம் சாம்பியனே முடிவு செய்தார். போலந்தின் அகிபா ரூபின்ஸ்டைன் 1912 ஒரே ஆண்டில் ஐந்து பெரிய போட்டிகளை வென்றவர். லாஸ்கரோடு அவருக்குப் போட்டி பேசி முடித்தும் இருந்தார்கள். 1914இல் உலகப்போர் வெடித்தது, போட்டி நின்றுபோனது. ரூபின்ஸ்டைனுக்கு அந்த வாய்ப்பு திரும்பக் கிடைக்கவே இல்லை.

பிறகு வந்தவர் கியூபாவின் ஹோசே ராவுல் கபாப்ளாங்கா. அப்பா ஆடுவதைப் பார்த்தே 4 வயதில் விளையாட்டைக் கற்றுக்கொண்டவர். 1921இல் ஹவானாவில் லாஸ்கரை ஒரு ஆட்டம்கூடத் தோற்காமல் வென்றார். 1916 முதல் 1924 வரை எட்டு ஆண்டுகள் அவரை யாரும் ஒரு ஆட்டத்தில்கூடத் தோற்கடிக்கவில்லை. சவால் விட வருகிறவர் 10,000 டாலர் பரிசுப்பணம் திரட்டிக்கொண்டு வர வேண்டும் என்ற விதியை 1922இல் கொண்டுவந்தவரும் அவர்தான். அந்தக் காலத்தில் அது பெரிய தொகை. ரஷ்யாவில் பிறந்து பிரான்சில் குடியேறிய அலெக்சாண்டர் அலெக்கைன் அந்தப் பணத்துக்கு வழி செய்துகொண்டு வந்தார். அதுவரை கபாப்ளாங்காவை ஒரு தடவைகூட ஜெயிக்காதவர், 1927இல் புவெனஸ் அய்ரஸில் 34 ஆட்டங்கள் ஆடி, 6 வெற்றி, 3 தோல்வி, 25 டிரா என்று பட்டத்தைப் பறித்தார்.

அப்புறம் கபாப்ளாங்கா மறுபோட்டி கேட்டபோது, கபாப்ளாங்கா எழுதிய அதே விதியை எடுத்து அவர் முன்னாலேயே வைத்தார் அலெக்கைன். கடைசிவரை மறுபோட்டி நடக்கவில்லை. அலெக்கைன் தனக்குச் சௌகரியமான எதிராளிகளோடு ஆடினார். 1935இல் மாக்ஸ் ஈவ என்ற டச்சுக் கணித ஆசிரியரிடம் எதிர்பாராமல் தோற்றார். ஈவ கண்ணியமாக மறுபோட்டிக்குச் சம்மதித்து, 1937இல் பட்டத்தைத் திருப்பிக் கொடுத்தார். நடுவில் 1936இல் நாட்டிங்ஹாம் போட்டியில் பழைய பகையாளிகள் இருவரும் ஒரே பலகைக்கு வந்தார்கள். ஜெயித்தது கபாப்ளாங்கா. பட்டம் அந்த ஆட்டத்தில் இல்லை என்பதுதான் கொடுமை.

ஃபிடே கைக்கு வந்த பிறகு

1946இல் அலெக்கைன் போர்ச்சுகலில் பட்டத்தோடேயே இறந்துபோனார். வீழ்த்துவதற்கு ஆளே இல்லை என்றால் பட்டம் எப்படிக் கைமாறும்? 1924இலேயே பாரிஸில் தொடங்கப்பட்டிருந்தாலும் அதுவரை பட்டத்தில் பெரிய அதிகாரம் இல்லாதிருந்த ஃபிடே இப்போதுதான் உள்ளே வந்தது. 1948இல் ஐந்து பேரைக் கூப்பிட்டு, ஹேக்கிலும் மாஸ்கோவிலும் ஆடவைத்தது. சோவியத்தின் மிகயீல் போத்வின்னிக் ஜெயித்தார்.

அன்று முதல் சவால் விடும் உரிமையையும் ஆடித்தான் சம்பாதிக்க வேண்டும். மண்டலப் போட்டி, மண்டலங்களுக்கு இடையேயான போட்டி, கடைசியாகக் கேண்டிடேட்ஸ். அதில் ஜெயிப்பவர்தான் சாம்பியனுக்கு எதிரே உட்காருவார். பணம் திரட்டும் கவலையோ சாம்பியனின் மனம் கோணாமல் நடக்கும் கவலையோ கிடையாது. ஆனாலும் சாம்பியனுக்கு இரண்டு சலுகை மிச்சம் இருந்தது. 24 ஆட்டம் முடிந்து 12-12 என்று நின்றால் பட்டம் அவருக்கே. தோற்றுப்போனாலும் மறு ஆண்டே மறுபோட்டி உண்டு.

இந்தச் சலுகைகள் எவ்வளவு பெரியவை என்பதற்குப் போத்வின்னிக்கே சாட்சி. 1951க்கும் 1963க்கும் இடையே ஏழு பட்டப் போட்டிகளில் ஆடினார். ஜெயித்தது இரண்டு, டிரா இரண்டு, தோற்றது மூன்று. இருந்தும் அந்தக் காலம் முழுக்க அவர் பெயர்தான் முன்னால் நின்றது. மின்பொறியியலில் வேலை பார்த்துக்கொண்டே ஆடியவர், தோற்ற ஆட்டங்களை உட்கார்ந்து அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்துப் பார்ப்பார். மறுபோட்டியில் வேறு ஆளாக வந்து நிற்பார். பிறகு சாம்பியன்களான கார்பவ், காஸ்பரவ், கிராம்னிக் மூவரும் பின்னாளில் இவர் பள்ளியில் படித்தவர்கள்தான்.

அந்த மறுபோட்டி விதி அதிகம் காயப்படுத்தியது ரீகா நகரத்து மிகயீல் டாலை. 1960இல் 23 வயதில் போத்வின்னிக்கை வீழ்த்தினார். ஸ்டைனிட்ஸ் சொன்னதையெல்லாம் மறந்துவிட்டு காய்களை வாரியிறைக்கும் ஆட்டம் அவருடையது. எதிராளி கணக்குப் போட்டு முடிப்பதற்குள் கடிகாரம் ஓடிவிடும். ஒரே வருடத்தில் மறுபோட்டி வந்தது, பட்டம் போனது. வாழ்நாள் முழுக்கச் சிறுநீரக நோயோடு அல்லாடியவர். 1963இல் டிக்ரான் பெட்ரோசியன் போத்வின்னிக்கை வென்றபோது மறுபோட்டி உரிமை நீக்கப்பட்டிருந்தது. மூன்று வருடம் முன்னால் நீக்கியிருந்தால் டாலின் கதையே வேறாக இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

ஃபிஷர்

1948 முதல் பட்டம் சோவியத்தை விட்டு வெளியே போகவே இல்லை. 1962 கேண்டிடேட்ஸில் சோவியத் ஆட்டக்காரர்கள் தங்களுக்குள் டிரா செய்துகொண்டு தன்னை வெளியே தள்ளுகிறார்கள் என்று அமெரிக்காவின் பாபி ஃபிஷர் பகிரங்கமாகக் குற்றம் சாட்டினார். பெட்ரோசியன், கெரஸ், கெல்லர் மூவரும் தங்களுக்குள் ஆடிய 12 ஆட்டமும் டிராதான். ஃபிடே அடுத்த சுற்றிலிருந்து கேண்டிடேட்ஸை இருவர் மோதும் நாக் அவுட்டாக மாற்றியது.

1971இல் அந்த நாக் அவுட்டில் ஃபிஷர் செய்தது இன்றும் நம்பக் கஷ்டமாக இருக்கும். தைமானவை 6-0, பென்ட் லார்சனை 6-0, பெட்ரோசியனை 6½-2½. உச்சமட்ட ஆட்டத்தில் பாதிக்கு மேல் டிராவில்தான் முடியும். அங்கே ஒரு டிராகூட விடாமல் வரிசையாக 12 ஆட்டம்!

1972இல் ஐஸ்லாந்தின் ரெய்க்யவிக்கில் சாம்பியன் போரிஸ் ஸ்பாஸ்கி காத்திருந்தார். ஃபிஷர் வரவில்லை. பரிசுப்பணம் போதாது என்றார். ஜிம் ஸ்லேட்டர் என்ற ஆங்கிலேயச் செல்வந்தர் 50,000 பவுண்டு கூட்டிக்கொடுத்தார், அமெரிக்க அதிபரின் ஆலோசகர் கிஸ்ஸிஞ்ஜர் போன் செய்தார், அப்புறம்தான் விமானம் ஏறினார். முதல் ஆட்டம் சமமாகப் போய்க்கொண்டிருந்தது. பலகையில் காய்கள் குறைந்து, யார் பார்த்தாலும் டிரா என்று சொல்லும் நிலை. திடீரென்று ஃபிஷரின் பிஷப் ஓரத்திலிருந்த ஒரு சிப்பாயைச் சாப்பிட்டது. ஸ்பாஸ்கி பக்கத்துச் சிப்பாயை ஒரு கட்டம் நகர்த்தினார். அவ்வளவுதான், பிஷப் திரும்பி வர வழியில்லை. ஆரம்பநிலை ஆட்டக்காரருக்கே சொல்லிக்கொடுக்கும் பொறி அது. ஃபிஷர் ஏதோ ஆழமாகக் கணக்குப் போட்டார் என்று சொல்பவர்கள் உண்டு. எப்படியானாலும் ஆட்டம் போனது. இரண்டாவது ஆட்டத்துக்கு, கேமராக்களை எடுத்தால்தான் வருவேன் என்று வராமலே இருந்துவிட்டார். 0-2.

மூன்றாவது ஆட்டத்தைப் பார்வையாளர் இல்லாத பின்னறையில் ஆட ஸ்பாஸ்கி சம்மதித்தார். சம்மதிக்க வேண்டிய கட்டாயம் எதுவும் அவருக்கு இல்லை. அந்த ஆட்டத்தில்தான் ஃபிஷர் வாழ்க்கையில் முதல்முறையாக ஸ்பாஸ்கியை ஜெயித்தார். முடிவில் 12½-8½. ஆறாவது ஆட்டத்தில் தன்னை வீழ்த்திய ஆட்டத்துக்கு அரங்கத்தோடு சேர்ந்து ஸ்பாஸ்கியும் கைதட்டினார். அந்தப் போட்டியில் எனக்குப் பிடித்த ஆள் ஃபிஷர் அல்ல.

1975இல் பட்டத்தைக் காக்க வேண்டிய நேரத்தில் ஃபிஷர் நிபந்தனை போட்டார். முதலில் 10 ஆட்டம் ஜெயிப்பவருக்கு வெற்றி, டிரா கணக்கில்லை, 9-9 ஆனால் பட்டம் தனக்கே. பத்து வெற்றி என்பதை ஃபிடே ஏற்றது, 9-9 நிபந்தனையை ஏற்கவில்லை. அப்போது ஃபிடே தலைவர் வேறு யாருமல்ல, அதே மாக்ஸ் ஈவதான். ஃபிஷர் ஆடவில்லை, அனடோலி கார்பவ் ஒரு காயும் நகர்த்தாமல் சாம்பியன் ஆனார். 1992இல் ஸ்பாஸ்கியோடு ஒரு மறுபோட்டி ஆடியதைத் தவிர ஃபிஷர் பொதுவில் திரும்ப வரவில்லை. 2008இல், 64 வயதில், ரெய்க்யவிக்கிலேயே இறந்தார்.

கார்பவும் காஸ்பரவும்

1984இல் விதி இதுதான்: முதலில் 6 ஆட்டம் ஜெயிப்பவருக்குப் பட்டம், ஆட்ட எண்ணிக்கைக்கு வரம்பு இல்லை. மாஸ்கோவில் கார்பவும் பாக்கூவிலிருந்து வந்த 21 வயது கேரி காஸ்பரவும் ஆட ஆரம்பித்தார்கள். 27 ஆட்டம் முடிந்தபோது கார்பவ் 5-0. இன்னும் ஒன்று போதும். அந்த ஒன்று வரவே இல்லை. காஸ்பரவ் டிராமேல் டிரா போட்டு எதிராளியைச் சோர வைத்தார், நடுவில் ஒன்று ஜெயித்தார், பிறகு 47, 48ஆம் ஆட்டங்களையும் ஜெயித்தார். ஐந்து மாதம் ஓடிவிட்டது, கார்பவ் இளைத்துப்போயிருந்தார். 1985 பிப்ரவரியில் ஃபிடே தலைவர் கம்போமானஸ் முடிவே இல்லாமல் போட்டியை நிறுத்தினார். இருவருமே நிறுத்தச் சொல்லவில்லை என்று காஸ்பரவ் கொதித்தார்.

அந்த ஆண்டே 24 ஆட்ட வரம்போடு புதிய போட்டி. 13-11 என்று வென்று 22 வயதில் காஸ்பரவ் சாம்பியன். இருவரும் ஐந்து பட்டப் போட்டிகளில் மொத்தம் 144 ஆட்டம் ஆடினார்கள். காஸ்பரவுக்கு 21 வெற்றி, கார்பவுக்கு 19, மீதி 104 டிரா. இவ்வளவு நெருக்கமான பகை செஸ்ஸில் வேறு இல்லை.

1993இல் காஸ்பரவ் ஃபிடேயோடு முறைத்துக்கொண்டு, சவால்விட வந்த நைஜல் ஷார்ட்டையும் அழைத்துக்கொண்டு தனியே போனார். 13 ஆண்டுகள் உலகத்தில் இரண்டு சாம்பியன்கள் இருந்தார்கள். இந்தக் காலத்தைப் பட்டியலில் பார்த்தால் தலை சுற்றும்; 2006இல் காஸ்பரவ் பக்கத்துப் பட்டத்தை வைத்திருந்த கிராம்னிக், ஃபிடே பட்டத்தை வைத்திருந்த டோபலவை வென்றபோது இரண்டு பட்டமும் ஒன்றாயின என்று மட்டும் நினைவில் வைத்தால் போதும்.

ஆனந்த் முதல் குகேஷ் வரை

அந்தக் குழப்பத்தின் நடுவே மேலே வந்தவர் விஸ்வநாதன் ஆனந்த். 1988இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் (ஃபிடே ஆட்டக்காரர்களுக்குத் தரும் மிக உயர்ந்த தகுதி) ஆனவர். 2000இல் ஃபிடேயின் நாக் அவுட் முறையில் பட்டம், 2007இல் மெக்சிகோ சிட்டியில் எட்டுப் பேர் ஆடிய போட்டியில் பட்டம், 2008இல் ஜெர்மனியின் பான் நகரில் கிராம்னிக்கோடு நேருக்கு நேர் மோதிப் பட்டம். விதி எப்படி மாறினாலும் ஜெயித்தார். மூன்று முறையிலும் பட்டம் வென்றவர் அவர் ஒருவர்தான். 2010இல் பல்கேரியாவின் டோபலவை அவர் சொந்த மண்ணிலேயே சந்திக்க வேண்டியிருந்தது. ஐஸ்லாந்து எரிமலைச் சாம்பலால் விமானங்கள் நின்றுபோக, சுமார் 40 மணி நேரம் சாலையிலேயே போய்ச் சேர்ந்தார். முதல் ஆட்டமே தோல்வி. கடைசி ஆட்டத்தைக் கறுப்புக் காயோடு ஜெயித்து 6½-5½.

2013இல் சென்னையில் ஆனந்தை வீழ்த்திய கார்ல்சன், ஏறக்குறைய பத்து வருடம் பட்டத்தைப் பிடித்துவைத்தார். 2018இல் அமெரிக்காவின் கருவானாவோடு 12 ஆட்டமும் டிரா. அதிவேக ஆட்டங்களில்தான் முடிவு வந்தது. 2022இல், இனி இந்தப் போட்டி ஆட மனமில்லை என்று பட்டத்தை விட்டுக்கொடுத்தார். தோற்காமலே போனதால்தான் நம்பர் ஒன் வேறு, சாம்பியன் வேறு என்று ஆனது. 2023இல் அஸ்தானாவில் ரஷ்யாவின் நெபோம்னியாச்சியை வென்று சீனாவின் டிங் லிரன் சாம்பியன்.

12 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆன குகேஷ், டொரண்டோவில் நடந்த 2024 கேண்டிடேட்ஸை 14க்கு 9 புள்ளி எடுத்து வென்றார். சிங்கப்பூரில் டிங்கோடு 13 ஆட்டம் முடிந்தபோது 6½-6½. கடைசி ஆட்டத்தில் இருவரிடமும் ஒரு யானை, ஒரு பிஷப். குகேஷிடம் ஒரு சிப்பாய் கூடுதல். டிங் சும்மா இருந்தாலே டிரா ஆகிவிடும் நிலை. 55ஆவது நகர்வில் டிங் யானையை மாற்றிக்கொள்ள முன்வந்தார். அவர் பிஷப் பலகையின் மூலையில் இருந்ததுதான் வினை. யானைகள் போனதும் குகேஷ் தன் பிஷப்பை அதே மூலைவிட்டத்தில், தன் ராஜாவின் காவலில் கொண்டுவந்து நிறுத்தினால் பிஷப்புகளும் மாறியே தீரும். மிஞ்சுவது ராஜாக்களும், ஒரு சிப்பாய்க்கு எதிராக இரண்டு சிப்பாய்களும். அது நிச்சயமான வெற்றி. சில நொடியில் குகேஷுக்குப் புரிந்தது. டிங் ஆட்டத்தைக் கைவிட்டார். 18 வயதில் 18ஆவது உலக சாம்பியன். காஸ்பரவின் 22 வயது சாதனை முறிந்தது.

பட்டமே கேட்காத ஒருவர்

பெண்களுக்கான தனிப் பட்டம் 1927 முதல் இருக்கிறது. முதல் சாம்பியன் வேரா மென்சிக், 1944இல் லண்டனில் ஜெர்மன் குண்டுவீச்சில் இறக்கும்வரை அதை இழக்கவே இல்லை. ஜார்ஜியாவின் நோனா காப்ரிந்தாஷ்விலி 16 ஆண்டுகள் வைத்திருந்தார். கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் பெண்ணும் அவரே. ஆனால் மிகப் பலமான பெண் ஆட்டக்காரர் என்று எல்லாரும் சொல்லும் ஹங்கேரியின் யூதித் போல்கார் அந்தப் பட்டத்துக்கு ஒருமுறைகூட ஆடவில்லை. அக்கா சூசன் 1996இல் அதை வென்றார். யூதித் 15 வயதில் ஃபிஷரின் இளவயது கிராண்ட்மாஸ்டர் சாதனையை முறியடித்து, ஆண்களோடேயே ஆடி, உலகத் தரவரிசையில் எட்டாம் இடம் வரை போனார். 2002இல் காஸ்பரவை அதிவேக ஆட்டம் ஒன்றில் வென்றார். 2005இல் ஃபிடே உலக சாம்பியன் போட்டியின் எட்டுப் பேரில் அவரும் ஒருவர்.

சரி, இத்தனை பேரில் யாருடைய ஆட்டங்களிலிருந்து தொடங்குவது? மார்ஃபி 1858இல் பாரிஸ் ஓபெரா அரங்கில் ஒரு டியூக்கையும் ஒரு பிரபுவையும் சேர்த்துவைத்து ஆடிய ஆட்டம் 17 நகர்வில் முடிந்துவிடும். ராணியைக் கொடுத்துவிட்டு யானையும் பிஷப்புமாகச் செக்மேட். எல்லாக் காயையும் சீக்கிரம் வெளியே கொண்டுவா என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் கிடையாது. அடுத்து கபாப்ளாங்காவின் இறுதிக்கட்ட ஆட்டங்கள். காய் குறைவு, யோசனை தெளிவு. டாலை மட்டும் கொஞ்சம் தள்ளிப்போடுங்கள். அவரைப்போலக் காயை வாரிக்கொடுத்துப் பார்க்க ஆசை வரும், கணினியில் போட்டுப் பார்த்தால் அவருடைய தியாகங்களிலேயே பல கணக்குத் தப்பானவை.